கித்தெரெயா யார் வீட்டுப் பெண்?

மேலை வானியலார் வெள்ளிக் கோளுக்கு அடைமொழியாக எழுதிவந்த 'சித்தெரியன்' என்ற சொல் நம் சித்திரையிலிருந்து கப்பலேறிப் போனதுதான் என்று அண்மையில் ஒரு தமிழ்க் கூட்டத்தில் ஒரு பெரியவர் முழங்கினார். சித்திரை நட்சத்திரத்தின் பின்னிரு பாதங்கள் துலா ராசியில் விழுகின்றன, துலாம் சுக்கிரனுக்குச் சொந்த வீடு, சுக்கிரன்தான் வீனஸ், ஆகவே சித்தெரியன் என்றால் சித்திரையான். அரங்கு கைதட்டியது. முன்னிரு பாதங்கள் கன்னியில் அல்லவா விழுகின்றன, கன்னியில் சுக்கிரன் நீசமாயிற்றே என்று கேட்க வாயெடுத்தேன். அதற்குள் தேநீர் வந்துவிட்டது.

சோதிடம் கிடக்கட்டும், எழுத்தைப் பார்ப்போம். அந்தச் சொல்லின் முதலெழுத்து சகரமே அல்ல. கிரேக்கத்தில் அது ககரம். லத்தீனிலும் அப்படியே. நாம் சிசரோ என்று சொல்லும் பேச்சாளரைக் கூட அவர் மனைவி 'கிகெரோ' என்றுதான் அழைத்திருப்பாள். இகர எகரங்களுக்கு முன் வந்த ககரம் பிற்கால லத்தீனில் நெகிழ்ந்து, பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வரும்போது சகரமாகிவிட்டது. இது நமக்குப் புதிதல்ல. கன்னடத்தில் கிவி, நமக்குச் செவி. அங்கே கிறு, இங்கே சிறு. கால்டுவெல் காலம் முதல் இந்த இணைகளைப் பாடம் சொல்லிவருகிறோம். அப்படியிருக்க, ஆங்கிலேயன் நேற்று உச்சரித்த சகரத்தை வைத்துக்கொண்டு ஈராயிரம் ஆண்டுக்கு முந்தைய உறவைக் கொண்டாடுவது, பேரன் மூக்கைப் பார்த்துக் கொள்ளுப்பாட்டனுக்குச் சாதிச் சான்றிதழ் கொடுப்பது போல. சித்திரை என்பது கோளும் அல்ல, அசையாத விண்மீன். முழுமதி அதனருகே நிற்கும் மாதம் அதன் பெயர் பெற்றது. அவ்வளவுதான்.

சொல்லின் மெய்யான கதை இதைவிடச் சுவையானது.

கோள்களின் பெயரிலிருந்து அடைமொழி ஆக்கும்போது லத்தீனின் ஆறாம் வேற்றுமை வடிவத்தை அடியாகக் கொள்வது வழக்கம். வியாழனாகிய ஜூபிட்டருக்கு ஆறாம் வேற்றுமை 'யோவிஸ்'. அதனால் அதன் அடை ஜோவியன். செவ்வாய்க்கு மார்ஷியன். அதே விதிப்படி வீனஸுக்கு 'வெனெரிஸ்' அடியாக நிற்க வேண்டும். நின்றால் வருவது பால்வினை நோய்க்கு மருத்துவர்கள் சில நூற்றாண்டுகளுக்கு முன்பே எடுத்துக்கொண்டுவிட்ட சொல். 'வெனீரியல் வளிமண்டலம்' என்று ஆய்வுக் கட்டுரைக்குத் தலைப்பிட எந்த வானியலாளருக்குத் துணிச்சல் வரும்? சிலர் வீனஸிலிருந்தே நேராக வீனூசியன் என்று ஆக்கிக்கொண்டார்கள். இலக்கணம் தெரிந்தவர்களுக்கு அது கரித்தது. லத்தீன் அடியே அதில் இல்லை. அவர்கள் வீனஸின் கிரேக்க உருவான அப்ரோதிதேயின் பட்டப்பெயர் ஒன்றைத் தேடி எடுத்தார்கள். அதுதான் கித்தெரெயா. அதிலிருந்து சித்தெரியன். மரினர் 2 விண்கலம் 1962 டிசம்பர் 14-இல் வெள்ளியைக் கடந்து போன அந்தப் பத்தாண்டின் ஆய்வுக் கட்டுரைகளில் சித்தெரிய வளிமண்டலம், சித்தெரிய மேகம் என்று தாராளமாகக் காணலாம். 1970-இல் வெனேரா 7 தரையிறங்கி, அங்கே ஈயம் உருகும் வெப்பம் இருக்கிறது என்று சொன்னது. காதல் தேவியின் பட்டப்பெயருக்கு அதன்பின் அங்கே பொருத்தமில்லை என்று நினைத்தார்களோ என்னவோ, மெல்ல மெல்ல வீனூசியனே வென்றுவிட்டது. வெள்ளியைச் சுற்றும் கலம் அதற்கு மிக நெருங்கி வரும் புள்ளிக்குப் 'பெரிசித்தெரியோன்' என்ற பெயர் மட்டும் அகராதி மூலையில் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

வெள்ளைக்காரனின் இந்தச் சங்கடத்தைப் பார்த்துச் சிரிக்க நமக்கு உரிமை இல்லை. சுக்கிரன் என்ற வடசொல்லுக்கு அடிப்பொருள் ஒளி, வெண்மை. ஆனால் சுக்கிரம் என்றாலும் அதன் லகர வடிவமான சுக்கிலம் என்றாலும் விந்து என்று எந்தச் சித்த மருத்துவ நூலும் சொல்லும். அதே சுக்கிலம் பட்சத்தோடு சேர்ந்தால் வளர்பிறை. கல்யாணப் பத்திரிகையில் கூசாமல் அச்சடிக்கிறோம். அறுபது ஆண்டுச் சுற்றில் மூன்றாவது ஆண்டின் பெயரும் சுக்கில. இரண்டு நாகரிகங்களும் ஒரே கோளின் பெயரையே படுக்கையறை வரை கொண்டுபோயிருக்கின்றன. ஒன்று காதல் தேவி வழியாகப் போயிற்று, மற்றொன்று வெண்மை வழியாக. பால்வினை நோயைத் தமிழில் மேகநோய் என்றதற்கும் வானத்துக்கும் தொடர்பில்லை, அந்த மேகம் 'மேஹம்' என்ற நீரிழிவுச் சொல். இதையும் யாராவது வெள்ளியோடு முடிச்சுப் போடுவதற்குள் சொல்லிவைக்கிறேன்.

தமிழ் மட்டும் தப்பித்தது. வெள்ளி என்றால் வெளுப்பு; உலோகமும் அதுவே, கோளும் அதுவே. ஐரோப்பிய இரசவாதிகள் வெள்ளி உலோகத்தைச் சந்திரனுக்குக் கொடுத்துவிட்டு, வீனஸுக்குச் செம்பைக் கொடுத்தார்கள். அதற்குக் காரணம் அப்ரோதிதேயின் இன்னொரு தீவான சைப்ரஸ். அங்கே செம்புச் சுரங்கங்கள் உண்டு, செம்புக்கான லத்தீன் சொல்லே அந்தத் தீவின் பெயரிலிருந்து வந்தது. நம் புலவர்களுக்கு வெள்ளி காதலுக்குரிய கோளாகவே இல்லை, மழைக்குரிய கோள். அது தெற்கே சாய்ந்தால் வானம் பொய்க்கும். பட்டினப்பாலையின் தொடக்கமும், பறம்பைப் பற்றிய கபிலர் பாட்டும், சிலப்பதிகாரத்து நாடுகாண் காதையும் இதையே அஞ்சுகின்றன. நிகண்டுகள் மழைக்கோள் என்று பெயரே கொடுத்துவிட்டன. ஆண்டாள் பாட்டில் வெள்ளி எழ வியாழம் உறங்குவதை வைத்து மு. இராகவையங்கார் அவள் காலத்தைக் கி.பி. 731 என்று கணக்கிட்டார். வானியலுக்கு இவ்வளவு போதும் என்றிருந்தவர்கள் நம்மவர்கள்.

சித்தெரியனுக்குத் திரும்புகிறேன். நாகரிகம் கருதி எடுத்த சொல்லாயிற்றே, அது நாகரிகமான சொல்தானா? அப்ரோதிதேயின் தீவுப் பெயர்கள் இரண்டும் ஏற்கெனவே இரவில் ஊர்சுற்றியவை. சைப்ரஸிலிருந்து வந்த 'சிப்ரியன்' பத்தொன்பதாம் நூற்றாண்டு லண்டனில் ஆடம்பரப் பரத்தையரைக் குறித்தது. அவள் உடன்பிறப்பான சித்தெரியனைத்தான் வானியலார் குளிப்பாட்டிக் கூட்டிவந்தார்கள்.

விலங்கியலார் இன்னும் துணிச்சல்காரர்கள். டென்மார்க்குக்காரர் முல்லர் 1785-இல் கடுகளவு ஓட்டு நீர்ப்பூச்சி ஒன்றுக்குச் சித்தெரே என்று பெயரிட்டார். அவர் பெயரிட்ட இன்னொரு பேரினம் சிப்ரிஸ். ஒரு வண்டீயும் சித்தெரியா ஆயிற்று. லின்னேயஸ் வீனஸ் என்றழைத்த சிப்பிக் குடும்பத்திலும் சித்தெரியா புகுந்தாள். அந்தக் குடும்பத்து மட்டி ஒன்று பரங்கிப்பேட்டையில் வெள்ளாற்று முகத்துவாரத்தில் ஏராளம். அதன் அறிவியல் பெயர் மெரெட்ரிக்ஸ் காஸ்டா. மெரெட்ரிக்ஸ் என்றால் விலைமகள், காஸ்டா என்றால் கற்புடையவள். கூடையில் அள்ளி விற்கும் பெண்களுக்கு இது தெரியாமலிருப்பது நல்லதுதான்.

இனி வேர்.

கிரேக்கப் புலவன் எசியோத், தெய்வங்களின் பிறப்பைப் பாடும்போது, வெட்டுண்டு கடலில் விழுந்த உறுப்பைச் சுற்றித் திரண்ட நுரையிலிருந்து அப்ரோதிதே பிறந்ததாகவும், முதலில் கித்தேரா தீவை அணுகியதால் கித்தெரெயா, பிறகு சைப்ரஸில் கரையேறியதால் கிப்ரோகெனெஸ் என்றும் பெயர்க்காரணம் சொல்லுகிறான். இரண்டாயிரத்து எழுநூறு ஆண்டுகளாக எல்லாரும் இதைத் திருப்பிச் சொல்லுகிறார்கள். சித்திரைப் பெரியவருக்கு எசியோத் மூத்த அண்ணன் என்பது என் துணிபு.

நான் இப்போது எழுதிய இரு சொற்களை மறுபடி பாருங்கள். தீவு கித்தேரா: ஏகாரம், நெடில். தேவி கித்தெரெயா: எகரம், குறில். கிரேக்கர் இரண்டையும் வெவ்வேறு எழுத்தால் எழுதினார்கள். ஒன்று ஈட்டா, மற்றொன்று எப்சிலோன். குறிலுக்குப் புள்ளி வைக்கச் சொன்ன தொல்காப்பியமும், அந்தப் புள்ளியைத் தவிர்த்து எழுத்தைச் சீர்திருத்தியதாகச் சொல்லப்படும் வீரமாமுனிவரும் நமக்குக் கற்றுத்தந்தது இந்த வேறுபாட்டைத்தான். ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே எழுத்து; ஆகவே பலர் கண்ணுக்கு இது தெரிவதில்லை. தீவிலிருந்து தேவி பெயர் பெற்றிருந்தால் நெடில் ஏன் குறுகியது? செய்யுளுக்காகக் குறுக்கினான் என்பது தோற்றவன் வாதம்.

எழுத்துக்கு மேல் இன்னொரு சான்று உண்டு. இலியத் காவியம் கித்தேராத் தீவை அறியும். அதைப் புனிதத் தலம் என்றே சொல்லும். அந்தத் தீவுக்காரன் ஒருவன் அதில் போரில் சாகிறான். ஆனால் அந்த நீண்ட காவியத்தில் ஓரிடத்திலும் அப்ரோதிதேக்குக் கித்தெரெயா என்ற பெயர் இல்லை. தீவின் பெயரோ இலியத்துக்கும் மிகப் பழையது. கி.மு. பதினான்காம் நூற்றாண்டு எகிப்திய மன்னன் மூன்றாம் அமென்கோதெப், தன் கோயில் சிலைப் பீடத்தில் பொறித்த ஏகியக் கடல் ஊர்ப் பட்டியலில் அது இருக்கிறது. ஊரும் தெரியும், தேவியும் தெரியும், இரண்டையும் சேர்க்கத் தெரியாதா அந்தக் கவிக்கு? சேர்க்கும் பழக்கம் அப்போது இல்லை என்பதே நேரான விடை.

தீவை மறுத்தவர்களிலும் வழி தவறியவர் உண்டு. மார்கன் என்பவர் 1978-இல் 'வேட்கை' என்ற பொருளுள்ள ஒரு முதுவேரைக் காட்டினார். வேட்கை தேவிக்கு வேட்கை வேர், கேட்க இனிக்கிறது. ஆனால் அதே வேர் கிரேக்கத்தில் பொதோஸ் என்று பகரமாக வந்து ஏக்கத்தைக் குறித்துக்கொண்டிருக்கிறது. ஒரு வீட்டில் ஒரே ஒலி பகரமாகவும் ககரமாகவும் எப்படிப் பிரியும் என்பதற்கு அவர் தரும் சமாதானம் எனக்குப் போதவில்லை. விட்டுவிடுகிறேன்.

எனக்குப் பிடித்தது பிரௌன் என்ற ஆய்வாளர் 1965-இல் திறந்த கதவு. சிரியாக் கடற்கரையில் உகாரித் நகரின் களிமண் ஏடுகள் 1929 முதல் வெளிவந்தன. அவற்றில் கோதார் என்றொரு தெய்வக் கம்மியன்; பாகால் தெய்வத்துக்கு ஆயுதம் அடித்தவன், மாளிகை கட்டியவன். அவனுக்கு ஒரு வீடு கப்தோரில். கப்தோரைப் பெரும்பாலோர் கிரீட் தீவு என்பர். கித்தேரா கிரீட்டுக்கு வடமேற்கே கண்ணுக்கெட்டும் தூரத்தில், கிரீட்டியர் குடியேறியிருந்த தீவு. கித்தேராவின் கோயிலைக் கட்டியவர்கள் பினீசியர் என்று எரோதோத்தஸ் எழுதிவைத்திருக்கிறார். கோதாரின் பெண்பால் கித்தெரெயா என்பது பிரௌன் காட்டிய வழி. சைப்ரஸில் அப்ரோதிதேயின் பூசாரி அரசனாகிய கினிராஸின் பெயரும் கின்னோர் என்ற செமித்திய யாழிலிருந்து வந்ததே. (நம் கின்னரம் உங்கள் நினைவுக்கு வரும். எனக்கும் வந்தது. அந்த வலையில் நான் விழுவதாக இல்லை.)

மறுப்பு உண்டு. பினீசியர் அந்தக் கம்மியனைத் தகரம் இல்லாமல் 'கூசோர்' என்றே அழைத்தார்கள், தகரம் எங்கிருந்து வந்தது என்பார்கள். உகாரித் ஒலிப்பில் பல்லொலி இருக்கிறது; கடன் வாங்கியது வெண்கலக் காலத்தில் என்றால் தீர்ந்தது. உயிரெழுத்துப் பொருந்தவில்லை என்பார்கள். பொருந்தவில்லைதான். கடல் தாண்டிய உயிரெழுத்து எது பொருந்தியிருக்கிறது?

பிரௌன் பக்கம் என்னைச் சாய்ப்பது ஒலியல்ல, ஒரு காட்சி. இலியத்தில் கொல்லத் தெய்வம் எபெஸ்தோஸின் மனைவி காரிஸ். ஒதிசி எட்டாம் காண்டத்திலோ அவன் மனைவி அப்ரோதிதே; அவள் போர்த் தெய்வம் ஆரேஸோடு கூடியிருக்க, கணவன் சிலந்தி நூல்போல் மெல்லிய வலை அடித்து இருவரையும் பிடிக்கிறான். கித்தெரெயா என்ற பெயர் முதன்முதலாகத் தலைகாட்டுவது அந்தக் காட்சியில்தான், அதுவும் கொல்லன் வீட்டு வாசலில் கள்ளக்காதலன் வந்து நிற்கும்போது. அவளைக் கம்மியன் மனைவியாக்கிய கதையும் கம்மியன் பெயர் ஒலிக்கும் அடைமொழியும் ஒன்றாகவே கிரேக்கத்துக்குள் நுழைகின்றன. இதைத் தற்செயல் என்பவரோடு எனக்குப் பேச்சில்லை. பெயர் முதலில் வந்தது; ஒலியொத்த தீவு பிறகு அதை இழுத்துக்கொண்டது; எசியோத் வந்து முத்திரை வைத்தான்.

தீவுக்கு அதனால் நட்டமில்லை. வாத்தோ 1717-இல் அதற்கு யாத்திரை போகும் காதலரை வரைந்தார்; போகிறார்களா திரும்புகிறார்களா என்று இன்னும் சண்டை. பூகன்வில் 1768-இல் தாகித்தியைப் புதிய கித்தேரா என்றார். அதன் எதிர்த்தீவான ஆன்டிகித்தேராவுக்கு அருகே மூழ்கிய கப்பலில் 1901-இல் கிடைத்த பல்சக்கரப் பொறியின் பொறிப்பில் வெள்ளிக் கோளுக்குரிய 462 ஆண்டுக் கணக்கு இருக்கிறது. தேவிக்கும் தீவுக்கும் மெய்யான உறவு வேண்டுமென்றால் அந்த வெண்கல எண்ணில் தேடட்டும்.

கித்தெரெயா தீவுக்காரி அல்லள். கொல்லன் வீட்டுப் பெண். என் முடிவு இது. சித்திரைப் பெரியவர் மறுப்பு எழுதுவார் என்று கேள்விப்படுகிறேன். எழுதட்டும்; அந்த முதல் ககரத்துக்கு மட்டும் விடை சொல்லிவிட்டுத் தொடங்கட்டும்.