ஹல்லாஜைக் கொன்றது எந்தச் சொல்?



கொஞ்சம் நீண்ட பதிவு. நேரம் கிடைக்கும்போது வாசியுங்கள். ஆனால் முழுவதையும் வாசித்துவிட்டுக் கருத்துச் சொல்லுங்கள்.

போன மாதம் உயர்தர இஸ்லாமிய நாகரிக வகுப்பில் அப்பாஸியர் காலத்தைப் படிப்பித்துக்கொண்டிருந்தேன். பின்வாங்கில் இருந்த ஒரு பிள்ளை எழும்பிக் கேட்டான்: "சேர், மன்சூர் ஹல்லாஜ் முஸ்லிமா, காஃபிரா?"

பரீட்சைக்கு வருகிற கேள்வி இல்லை அது. பாடம் முடிந்ததும் தனியே கூப்பிட்டு விசாரித்தேன். அவனுடைய உம்மாவின் வாப்பா மௌத்தாகியிருக்கிறார். தரீக்காவோடு தொடர்புள்ள மனிதர். "வஹ்ததுல் வுஜூத் பேசினவர், ஹல்லாஜைப் புகழ்ந்தவர்" என்று சொல்லி இவனுடைய மாமா ஜனாஸாத் தொழுகைக்கு வரவில்லையாம். மாமா என்றால் யார்? மௌத்தானவர் பெற்ற மகன்.

அன்று அந்தப் பிள்ளைக்கு "அல்லாஹ்தான் அறிவான்" என்று மட்டும் சொல்லி அனுப்பிவிட்டேன். அது சரியான பதில்தான். ஆனால் சரித்திரம் படிப்பிக்கிற ஒருவன் அந்தப் பதிலுக்குப் பின்னால் ஒளிந்துகொள்வது சரியில்லை என்று மனம் உறுத்தியது. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

முதலில் ஹல்லாஜ். அவருடைய பெயர் ஹுஸைன். மன்சூர் என்பது வாப்பாவின் பெயர். நாம் வாப்பாவின் பெயரைச் சொல்லியே மகனைக் கூப்பிட்டுப் பழகிவிட்டோம். பாரசீகத்தில் 858ஆம் ஆண்டளவில் பிறந்தவர். ஹல்லாஜ் என்றால் பஞ்சு கொட்டுபவர். மூன்று தடவை ஹஜ் செய்தவர், இந்தியா வரை பயணம் வந்தவர். பக்தாதில் ஏறத்தாழ ஒன்பது வருடங்கள் சிறையில் இருந்து, 922 மார்ச் மாதத்தில் கலீஃபா முக்ததிரின் ஆட்சியில் கொல்லப்பட்டார். கசையடி, கைகால் வெட்டு, கழுமரம், பிறகு தலை. உடலை எரித்துச் சாம்பலைத் தஜ்லா நதியில் விட்டார்கள்.

நம் ஊரில் எல்லோருக்கும் தெரிந்த கதை என்ன? அவர் "அனல் ஹக்" என்றார். "நானே உண்மை" என்று அர்த்தம், அல் ஹக் என்பது அல்லாஹ்வின் திருநாமங்களில் ஒன்று. உடனே உலமாக்கள் கூடி ஃபத்வா கொடுத்தார்கள். ஜுனைதுல் பக்தாதி (ரஹ்) அவர்களே சூஃபி அங்கியைக் கழற்றிவிட்டு ஆலிமின் உடையைப் போட்டுக்கொண்டு கையெழுத்து வைத்தார்கள். இந்தக் கதையைத் தரீக்கா பக்கத்து பயானிலும் கேட்டிருக்கிறேன், மறுபக்கத்து பயானிலும் கேட்டிருக்கிறேன்.

ஆனால் ஜுனைத் (ரஹ்) வஃபாத்தானது 910ஆம் ஆண்டளவில். ஹல்லாஜ் கொல்லப்பட்டது 922இல். கபுருக்குப் போய்ப் பன்னிரண்டு வருடமான ஒருவர் எப்படிக் கையெழுத்து வைப்பார்? பாடசாலைப் பிள்ளையும் செய்யக்கூடிய கழித்தல் கணக்கு இது. நாம்தான் செய்து பார்க்கவில்லை.

அடுத்தது, மரண தண்டனைத் தீர்ப்புக்கு வழி திறந்தது "அனல் ஹக்" என்ற சொல் அல்ல. வழக்கு சுற்றிச் சுற்றி வந்து நின்றது ஹஜ் விஷயத்தில். ஹஜ்ஜுக்குப் போக முடியாத ஒருவர் வீட்டிலே சுத்தமான ஓர் இடத்தை ஒதுக்கி, அதைத் தவாஃப் செய்து, அநாதைகளுக்கு உணவும் உடுப்பும் கொடுத்தால் அது ஹஜ்ஜுக்கு ஈடாகும் என்று அவருடைய தாள்களில் இருந்ததாம். அதை வாசித்துக் காட்டியபோது, எங்கே எடுத்தாய் என்று காழி அபூ உமர் கேட்டார். ஹஸன் பஸரியின் (ரஹ்) நூலிலே என்றார் ஹல்லாஜ். அந்த நூலைப் படித்திருந்த காழிக்குக் கோபம் வந்துவிட்டது. "பொய், இரத்தம் ஹலாலானவனே!" என்ற கருத்தில் ஏசிவிட்டார்.

அருகே இருந்தவர் விஸீர் ஹாமித். வரிவசூல் குத்தகையாலும் தானிய வியாபாரத்தாலும் பணம் சேர்த்தவர். விலைவாசி ஏறி பக்தாதில் கலவரமே நடந்திருந்த காலம் அது. ஹல்லாஜுக்கு அரண்மனையிலும் ஆதரவாளர்கள் இருந்தார்கள். அவரை முடித்துவிட வேண்டிய தேவை விஸீருக்கு இருந்தது. காழியின் வாயிலிருந்து விழுந்த அந்தச் சொல்லை விஸீர் பிடித்துக்கொண்டார். "இப்போது சொன்னீரே, அதை எழுதும்" என்றார். காழி பேச்சை மாற்றிப் பார்த்தார். விடவில்லை. மைக்கூட்டைத் தள்ளி எழுதவைத்தார்கள். மற்றவர்களும் கீழே கையெழுத்து வைத்தார்கள்.

ஆக, ஒரு மனிதனைக் கொன்றது கோபத்தில் இன்னொரு மனிதன் சொன்ன சொல். இதற்கு முன்பு நம் ஷாஃபிஈ மத்ஹபின் பெரிய இமாம் இப்னு ஸுரைஜ் (ரஹ்) அவர்களிடமும் இந்த விவகாரம் வந்தது. இது ஃபிக்ஹ் சட்டத்தால் அளக்கக்கூடிய விஷயம் இல்லை என்று அவர் ஒதுங்கிக்கொண்டார்.

ஹல்லாஜ் சொன்னது சரி என்று நான் சொல்ல வரவில்லை. படைத்தவன் வேறு, படைப்பு வேறு என்பதுதான் என் ஈமான். ஆனால் இப்படிப் பேசுகிறவர்களை என்ன செய்வது என்ற சிக்கல் நமக்கு மட்டும் வந்ததில்லை.

பிரான்ஸில் மார்கரெட் பொரேட் என்று ஒரு கிறிஸ்தவப் பெண் இருந்தார். இறை அன்பில் ஆன்மா தன்னையே இல்லாமலாக்கிக்கொள்வதைப் பற்றி ஒரு நூல் எழுதினார். பாரிஸில் 21 இறையியல் அறிஞர்கள் கூடி அதைக் கண்டித்தார்கள். நீண்ட காலம் சிறையிலிருந்தும் விசாரணைக்கு அவர் வாயே திறக்கவில்லை. 1310 ஜூன் 1ஆம் திகதி உயிரோடு எரித்தார்கள். நூல் மட்டும் எரியவில்லை. எழுதியவரின் பெயர் இல்லாமலே பிரதியாகிப் பிரதியாகிப் பக்தியுள்ளவர்களின் கைகளில் நூற்றாண்டுக் கணக்கில் இருந்தது. அது அந்தப் பெண்ணின் நூல்தான் என்று இத்தாலிய ஆய்வாளர் ஒருவர் கண்டுபிடித்தது 1946இல். அந்தப் பெண்ணை எரித்த பின், 1329இல், ஜெர்மனியின் பெரிய போதகர் எக்ஹார்ட்டின் 28 வசனங்களைப் பாப்பரசர் கண்டித்து ஆணை வெளியிட்டார். எக்ஹார்ட் அதற்குள் இறந்துவிட்டிருந்தார்.

அந்தந்த மார்க்கத்துப் பெரியவர்கள் இந்தச் சிக்கலை உவமை சொல்லித்தான் அவிழ்க்கப் பார்த்திருக்கிறார்கள். நெருப்பில் போட்ட இரும்பு சிவந்து நெருப்பைப் போலவே ஆகிவிடும், ஆனாலும் இரும்பு இரும்புதான். இந்த உவமையை 12ஆம் நூற்றாண்டுக் கிறிஸ்தவத் துறவி பெர்னார்டும் சொல்லியிருக்கிறார், அடுத்த நூற்றாண்டின் மௌலானா ரூமியும் சொல்லியிருக்கிறார். இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் தெளிந்த கண்ணாடிக் கிண்ணத்தையும் அதிலுள்ள மதுவையும் உவமையாக எடுக்கிறார்கள். பார்க்கிறவனுக்கு இரண்டும் ஒன்றாகத் தெரியும், உண்மையில் ஒன்றல்ல. காதல் போதையில் வந்த பேச்சை மூடிவைக்க வேண்டும், பரப்பக் கூடாது என்பதும் அவர்களுடைய கருத்து. 1624இல் வஃபாத்தான இமாம் ஸர்ஹிந்தி (ரஹ்) சூரியனைக் காட்டுகிறார்கள். பகலில் நட்சத்திரம் கண்ணுக்குத் தெரியாது. அதற்காக நட்சத்திரமே இல்லை என்று ஆகிவிடாது.

எங்கள் ஆசிரியர் அறையில் இதைப் பேசிக்கொண்டிருந்தபோது, இந்து சகோதரரான தமிழ் ஆசிரியர் ஒரு விஷயம் சொன்னார். சைவ சித்தாந்தத்தில் இதற்கு இலக்கணத்திலேயே உவமை இருக்கிறதாம். தாள் என்பது இறைவனின் பாதம், தலை என்பது அடியாரின் தலை. இரண்டும் சேர்ந்தால் தாடலை. காதுக்கு ஒரே சொல், பொருளில் இரண்டு. எக்ஹார்ட் வாழ்ந்த அதே 14ஆம் நூற்றாண்டில் உமாபதி சிவாசாரியார் முத்தி நிலையை விளக்க இதைச் சொல்லியிருக்கிறார். புணர்ச்சி விதி படிப்பிக்கிற எனக்கே அன்றைக்குத்தான் தெரியும்.

எல்லா மார்க்கமும் ஒன்று என்று காட்டுவதற்காக இதைச் சொல்லவில்லை. கொள்கைகள் வேறு வேறுதான். ஆனால் இந்தப் பெரியவர்கள் எல்லோரும் ஒரே இடத்தில் நிதானித்திருக்கிறார்கள். ஒருவன் தன்னை மறந்து சொன்ன வார்த்தைக்கும் அவன் நம்பிக்கைக்கும் இடையே ஓர் இடைவெளி இருக்கலாம் என்று பார்த்திருக்கிறார்கள். வஹ்ததுல் வுஜூதைக் கடுமையாக மறுத்தவர், ஹல்லாஜின் தண்டனையை ஏற்றுக்கொண்டவர், இமாம் இப்னு தைமிய்யா (ரஹ்). அவர்கள்கூட ஃபனாவை மூன்றாகப் பிரிக்கிறார்கள். வேறொன்றும் இருப்பாக இல்லை என்ற கொள்கையை நிராகரிக்கிறார்கள். ஆனால் திக்ரில் மூழ்கி, தன் புத்தி தன்னிடம் இல்லாத நிலையில் பேசியவனுக்கு மன்னிப்புண்டு என்கிறார்கள்.

இதையெல்லாம் நாம் மறந்தால் என்ன நடக்கும்? தூரம் போக வேண்டாம். 2004இலும் 2006இலும் நம் கிழக்கில் இந்தக் கொள்கையின் பெயரால் என்ன நடந்தது என்று நாற்பது வயதைத் தாண்டியவர்களுக்குத் தெரியும். வீடுகள் எரிந்தன. அடக்கிய மையித்தைக்கூட நிம்மதியாக விடவில்லை.

அந்தப் பிள்ளைக்கு இந்தக் கிழமை இப்படித்தான் சொன்னேன்: "மகன், ஹல்லாஜின் கணக்கு அவருடைய றப்பிடம் இருக்கிறது. பரீட்சைக்கு ஆண்டையும் வழக்கையும் எழுது. ஆனால் காழி அபூ உமரை மறந்துவிடாதே. அவர் கெட்டவர் அல்ல, படித்தவர், நேர்மையான நீதிபதி என்று பெயர் வாங்கியவர். கோபத்தில் ஒரு சொல் விட்டார், பிறகு அதைத் திருப்பி எடுக்க அவருக்கு வழி கிடைக்கவில்லை." தன் சகோதரனை காஃபிர் என்பவனைப் பற்றி, அந்தச் சொல் இருவரில் ஒருவரிடம் திரும்பும் என்று நபி (ஸல்) அவர்கள் எச்சரித்ததை நாம் எல்லோரும் ஓதியிருக்கிறோம்.

அவன் தலையை ஆட்டிவிட்டுப் போனான். போகும்போது திரும்பி, "மாமா இப்போ வெள்ளிக்கிழமையில தனியா மையவாடிக்குப் போறாராம் சேர், உம்மா சொன்னா" என்றான்.

தரீக்கா சகோதரர்களுக்கும் தவ்ஹீத் சகோதரர்களுக்கும் ஒரே வேண்டுகோள். கொள்கையை மேடையில் பேசுங்கள், மறுப்பதென்றால் ஆதாரத்தோடு மறுத்து எழுதுங்கள். ஆனால் ஜனாஸாவுக்குப் போங்கள். அந்தத் தொழுகைக்குக் கழா இருக்கிறதா என்று அந்த மகன் பிறகு யாரிடமோ கேட்டானாம். அப்படிக் கேட்கிற நிலைமை இன்னொருவனுக்கு வர வேண்டாம்.

அல்லாஹ் நம் நாவுகளைப் பாதுகாப்பானாக. ஆமீன்.