பக்கத்தில் இருந்தவர்

1943, அக்டோபர் 1. வெள்ளிக்கிழமை. கோபன்ஹேகன் நகரத்துப் பியானோ கலைஞர் ஹெர்மன் டேவிட் கோப்பலுக்கு அன்றைக்குப் பிறந்த நாள். 35 வயது முடிந்தது.

அதே நாள் இரவு, ஜெர்மானிய போலீஸ் வண்டிகள் டென்மார்க் முழுவதும் கிளம்பின. கையில் முகவரிப் பட்டியல். யாரையெல்லாம் பிடிக்க வேண்டும் என்பது அதில் இருந்தது. பிடித்தவர்களை ஏற்றிக்கொண்டு போக கோபன்ஹேகன் துறைமுகத்தில் கப்பல் தயார்.

தேடப்பட்டவர்கள் யூதர்கள். கோப்பலும் யூதர்.

அந்த இரவுக்குப் பிறகு வருவோம். அதற்கு முன்னால், யார் இந்தக் கோப்பல்?

டென்மார்க்காரர்தான். ஆனால் அப்பாவும் அம்மாவும் போலந்திலிருந்து பிழைப்புத் தேடி வந்தவர்கள். அப்பா தையல் தொழிலாளி. வந்த கொஞ்ச நாளில், 1908-ல் பிறந்த மூத்த பிள்ளை ஹெர்மன். தையல்காரர் வீட்டுப் பையனுக்குப் பியானோவில் அப்படியொரு கை. 17 வயதில் கோபன்ஹேகன் ராயல் இசைக் கல்லூரியில் இடம் கிடைத்துவிட்டது.

டென்மார்க்கின் இசைக்கு அன்றைக்கு ஒரே முகவரி, கார்ல் நீல்சன். சிம்பனிகள் எழுதிய மேதை. அது மட்டுமல்ல. பள்ளிக்கூடப் பிள்ளையும் விவசாயியும் சேர்ந்து பாடுகிற மாதிரி எளிய மெட்டுகளையும் நூற்றுக்கணக்கில் போட்டுத் தந்தவர். இன்றைக்கும் அந்தப் பாட்டுகள் தெரியாத டென்மார்க்காரரைப் பார்ப்பது கஷ்டம். அந்த நீல்சனின் கடைசிக் காலத்தில் அவருக்கு அறிமுகமான இளைஞர் கோப்பல். 1931-ல் நீல்சன் இறந்த பிறகு, அவருடைய பியானோ படைப்புகளை மேடையிலும் இசைத்தட்டிலும் வாசித்துப் பரப்பியவர்களில் முக்கியமானவர். சொந்தமாகவும் எழுதினார். ஆனால் எழுதினால் மட்டும் அடுப்பு எரியுமா? பாடகர்களுக்குப் பக்கவாத்தியம் வாசிக்கவும் உட்கார்ந்தார்.

பக்கவாத்தியம் என்றால் நமக்கு வயலினும் மிருதங்கமும் ஞாபகத்துக்கு வரும். ஐரோப்பியத் தனிப்பாடல் கச்சேரியில் பெரும்பாலும் மேடையில் இரண்டே பேர்தான். நின்றுகொண்டு ஒருவர் பாடுவார். உட்கார்ந்து ஒருவர் பியானோ வாசிப்பார். கைதட்டல் நிற்பவருக்கு. சுவரொட்டியில் பெரிய எழுத்தும் அவருக்கே. உட்கார்ந்திருப்பவர் பெயர் கீழே, சின்னதாக.

சும்மா சாதாரண வேலை என்று நினைத்துவிடாதீர்கள். இன்றைக்குத் தொண்டை சரியில்லை, அரைக்கட்டை இறக்கிக்கொள்ளலாம் என்று பாடகர் ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போய்விடுவார். எதிரே தாளில் இருப்பது ஒரு சுருதி, விரல் போக வேண்டியது இன்னொரு சுருதி. கண்ணுக்கும் கைக்கும் நடுவே மனக்கணக்குப் போட்டபடியே வாசித்தாக வேண்டும். எல்லாவற்றையும்விடப் பெரிய விஷயம், மூச்சு. பாடகர் எங்கே மூச்சு வாங்கப்போகிறார் என்பது அவர் வாங்குவதற்கு ஒரு நொடி முன்பே பியானோக்காரருக்குத் தெரிந்திருக்க வேண்டும். தெரியாவிட்டால் பாட்டு நொண்டும். பழி பாடகருக்குப் போகும்.

ஜெரால்ட் மூர் என்று இங்கிலாந்தில் ஒரு பக்கவாத்தியப் பியானோ கலைஞர் இருந்தார். இந்தத் தொழிலுக்கே மரியாதை தேடித் தந்தவர். 1943-ல் அவர் எழுதிய புத்தகத்தின் தலைப்புக்கு, ‘வெட்கப்படாத பக்கவாத்தியக்காரன்’ என்று பொருள். இதற்குமேல் விளக்கம் தேவையா?

கோப்பல் பக்கத்தில் அமர்ந்து வாசித்த பாடகர்களில் ஒருவர் ஆக்சல் ஷியோட்ஸ். பள்ளிக்கூட வாத்தியாராக இருந்து முழுநேரப் பாடகரானவர். 1939-ல் கோபன்ஹேகன் ராயல் ஆபராவில் மொசார்ட் மூலம் அறிமுகம். அலட்டிக்கொள்ளாத, தெளிந்த தண்ணீர் மாதிரி ஒரு குரல்.

அடுத்த வருஷமே எல்லாம் மாறிப்போனது.

1940, ஏப்ரல் 9. ஜெர்மன் படைகள் டென்மார்க்குக்குள் புகுந்தன. சில மணி நேரத்தில் நாடு சரணடைந்தது. அரசாங்கம் நாற்காலியில் தொடர்ந்தது, ராஜாவும் அரண்மனையில் இருந்தார். பதிலுக்கு வெண்ணெயும் பன்றி இறைச்சியும் ஜெர்மனிக்குப் போய்க்கொண்டிருந்தன. பெருமைப்பட ஒன்றும் இல்லாத ஏற்பாடு.

துப்பாக்கி தூக்க முடியாத மக்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? பாடினார்கள்.

வேடிக்கையாக இருக்கிறதா? 1940, செப்டம்பர் 1 அன்று டென்மார்க் முழுவதும் பூங்காக்களிலும் மைதானங்களிலும் கூடி ஒரே நேரத்தில் தாய்மொழிப் பாடல்களைப் பாடியவர்கள் சுமார் 7 லட்சம் பேர். மொத்த மக்கள்தொகையே 40 லட்சத்தைத் தொடாத நாடு அது. ஜெர்மானியர்களுக்கு எதிராக ஒரு வார்த்தை கிடையாது. வயல், கடல், வசந்த காலம், அவ்வளவுதான். எந்தச் சட்டத்தில் கைது செய்வார்கள்?

அந்தக் காலத்தின் குரலாக ஆகிப்போனார் ஷியோட்ஸ். டேனிஷ் பாட்டுகளை நாடு முழுக்கக் கொண்டுபோனார். அவருடைய இசைத்தட்டுகள் வீடு வீடாகச் சுற்றின. போர் முடிந்த பிறகு, 1947-ல், அரசர் அவருக்குப் பட்டம் கொடுத்து கௌரவித்தார்.

இப்போது ஒரு நிமிஷம் யோசித்துப் பாருங்கள். ஒரு தேசம் தன் அடையாளத்தைப் பாட்டில் பிடித்துக்கொண்டு நிற்கிறது. அந்தப் பாட்டைத் தாங்கிப் பிடித்த விரல்களில் போலந்திலிருந்து வந்த யூதத் தையல்காரரின் மகனுடைய பத்து விரல்களும் இருந்தன. ஹிட்லரின் சித்தாந்தப்படி அந்த மண்ணுக்குச் சம்பந்தமே இல்லாதவர் அவர்.

டென்மார்க் யூதர்களுக்கு முதல் மூன்று வருஷம் ஆபத்து வரவில்லை. மஞ்சள் நட்சத்திரம் குத்திக்கொள்ளச் சொல்லவில்லை. கடைகளைப் பிடுங்கவில்லை. தொட்டால் டென்மார்க் அரசு ஒத்துழைக்காது, வெண்ணெய் வராது என்பது ஜெர்மனியின் கணக்கு. 1943 ஆகஸ்டில் வேலைநிறுத்தங்களும் நாசவேலைகளும் பெருகின. 29-ம் தேதி ராணுவச் சட்டம் வந்தது, டென்மார்க் அரசு ஒதுங்கிக்கொண்டது. இனி யாருக்காகத் தயங்க வேண்டும்? யூதர்களை வாரிக்கொண்டு போகத் தேதி குறித்தார்கள். அக்டோபர் 1.

அந்தத் தேதியை வெளியே சொன்னவர் ஒரு ஜெர்மானியர். ஜெர்மன் தூதரக அதிகாரி டக்விட்ஸ். செப்டம்பர் 28 அன்று டென்மார்க் அரசியல் தலைவர்களிடம் விஷயத்தைப் போட்டு உடைத்தார். மறுநாள் காலை யூத ஆலயத்தில் மெல்கியோர் என்கிற குரு வழிபாட்டை நிறுத்திவிட்டு, உடனே போய் ஒளிந்துகொள்ளுங்கள், தெரிந்தவர்களுக்கெல்லாம் சொல்லுங்கள் என்றார். செய்தி காட்டுத்தீயாகப் பரவியது.

அக்டோபர் 1 இரவு போலீஸ் போய்த் தட்டிய வீடுகளில் பெரும்பாலானவை காலி!

எங்கே போனார்கள்? பக்கத்து வீட்டுக்கு. பாதிரியார் வீட்டுக்கு. கோடைக்கால விடுதிகளுக்கு. கோபன்ஹேகனின் பிஸ்பெபியர் மருத்துவமனை நூற்றுக்கணக்கானவர்களை நோயாளிகள் என்ற பெயரில் ஒளித்துவைத்தது. அங்கிருந்து கடற்கரைக்கு, கடற்கரையிலிருந்து மீன்பிடிப் படகில் ஓரெசுண்ட் நீரிணையைத் தாண்டி ஸ்வீடனுக்கு. மிகக் குறுகலான இடத்தில் நாலே கிலோமீட்டர்தான். ஆனால் ரோந்துப் படகுகள் சுற்றும் நாலு கிலோமீட்டர். வரும் எல்லோருக்கும் அடைக்கலம் என்று ஸ்வீடன் பகிரங்கமாக அறிவித்தது.

எல்லாரும் மகாத்மாக்கள் இல்லை. படகுக்காரர்கள் காசு வாங்கினார்கள். சராசரியாக தலைக்கு ஆயிரம் குரோனர், ஒரு தொழிலாளியின் சில மாதச் சம்பளம். ஆரம்ப நாட்களில் அதற்கும் மேலே. வணிகவியல் படித்தவன் என்பதால் எனக்கு இதில் அதிர்ச்சி இல்லை. படகு போனால் பிழைப்பு போச்சு, பிடிபட்டால் சிறை. அந்த அபாயத்துக்கு ஒரு விலை. ஆனால் பணம் இல்லாதவர்களை விட்டுவிட்டுப் போய்விடவில்லை. இருப்பவர்கள் போட்டார்கள், ஊர்க்காரர்கள் வசூலித்துக் கொடுத்தார்கள். சில வாரங்களில் கரை சேர்ந்தவர்கள் 7,000-க்கும் மேல். 500-க்குச் சற்றுக் குறைவானவர்கள் பிடிபட்டு தெரேசியன்ஸ்டட் முகாமுக்குப் போனார்கள். சிலர் கடலில் மூழ்கினார்கள்.

கரை சேர்ந்தவர்களில் கோப்பல் குடும்பமும் உண்டு. மூத்த மகள் லோனேவுக்கு ஐந்து வயது. மனைவி கர்ப்பிணி. மகன் தாமஸ் 1944 ஏப்ரலில் பிறந்தது ஸ்வீடனின் ஓரெப்ரோ என்கிற ஊரில், அகதியாக. அங்கே உட்கார்ந்துதான் கோப்பல் தன் மூன்றாவது சிம்பனியை எழுதினார்.

1945 மே மாதம் டென்மார்க் விடுதலை அடைந்தது. ஓடிப்போன யூதர்கள் ஊர் திரும்பினார்கள். ஐரோப்பாவின் மற்ற நாடுகளில் தப்பிப் பிழைத்துத் திரும்பிய யூதர், தன் வீட்டில் வேறொருவர் குடியிருப்பதைப் பார்த்தார். கோபன்ஹேகனில் பலருடைய வீடுகள் பூட்டியபடி பத்திரமாக இருந்தன. நகராட்சியின் சமூகநலத் துறை அவற்றைக் கவனித்துக்கொண்டிருந்தது. எல்லோருக்கும் அந்த அதிர்ஷ்டம் வாய்க்கவில்லை என்பதும் உண்மை.

ஷியோட்ஸுக்கு விதி வேறு கணக்கு வைத்திருந்தது. போர் முடிந்த கையோடு லண்டன் போய், மேலே சொன்ன ஜெரால்ட் மூரின் பியானோவோடு ஷூபர்ட், ஷூமன் பாடல்களைப் பதிவுசெய்தார். இன்றும் ரசிகர்கள் கொண்டாடும் பதிவுகள். உலகம் அழைக்க ஆரம்பித்த அதே 1946-ல் மூளையில் கட்டி. அறுவை சிகிச்சை. உயிர் பிழைத்தது, முகத்தின் ஒரு பக்கம் செயலிழந்தது. குரலைத் திரும்பப் பழக்கி, கட்டையை இறக்கிக் கொஞ்ச காலம் பாடினார். பிறகு வாத்தியார் வேலை. 1975-ல் காலமானார்.

கோப்பல் தொடர்ந்து வாசித்தார், எழுதினார். மொத்தம் ஏழு சிம்பனிகள். போருக்கு முன்னால் அவருடைய யூத அடையாளம் இசையில் பெரிதாகத் தலைகாட்டியதில்லை. 1949-ல் தாவீதின் சங்கீதங்களை எடுத்துக்கொண்டார். 1964-ல் மோசஸைப் பற்றிப் பெரிய இசைப்படைப்பு. எதற்காகத் துரத்தினார்களோ, அதையே எடுத்துப் பாட்டாக்கினார். பிறந்த ஊரின் இசைக் கல்லூரியிலேயே 1955 முதல் பேராசிரியர். ஐந்து வயதில் அகதியான லோனே, ஆபரா பாடகியானார். அகதியாகப் பிறந்த தாமஸ், தம்பி ஆண்டர்ஸோடு சேர்ந்து 1967-ல் தொடங்கிய சாவேஜ் ரோஸ், டென்மார்க் ராக் இசையின் பெரிய பெயர்களில் ஒன்று. கோப்பல் 1998-ல், 89 வயதில் இறந்தார்.

ஷூமனின் ஒரு பாடல் வரிசை உண்டு. ஷியோட்ஸ் லண்டனில் பதிவுசெய்தவற்றில் அதுவும் ஒன்று. அதன் முடிவில் பாடகர் வாயை மூடிக்கொண்டுவிடுவார். மிச்சத்தைப் பியானோ தனியாகச் சொல்லி முடிக்கும். அதுவரை பக்கத்தில் இருந்தவர் யார் என்பது அப்போதுதான் நமக்கு உறைக்கும்.

1943 அக்டோபரில் கதவைத் திறந்து உள்ளே இழுத்துக்கொண்ட பக்கத்து வீட்டுக்காரர்கள், நர்சுகள், டாக்சி டிரைவர்கள், இவர்களில் பலருடைய பெயர் எந்தச் சுவரொட்டியிலும் சின்ன எழுத்தில்கூட இல்லை. அடுத்தவர் மூச்சு திணறப்போகிறது என்பது ஒரு நொடி முன்னால் அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

பக்கவாத்தியம் என்பது அதுதானே?