இடிபாடும் ஓர் அமானிதமே

மண்ணோடு மண்ணாகிப்போன மக்களின் மாளிகைகளைத் தேடிச் சென்று காண்பது வெறும் பொழுதுபோக்கன்று. பூமியில் பயணம் செய்து, முன்னிருந்தோரின் முடிவு என்னவாயிற்று என்று கண்டுணருமாறு திருமறை ஒருமுறையன்று, பலமுறை மனிதனை அழைக்கின்றது. அவ்வழைப்பை நாம் ஓதுகிறோம். ஓதி முடித்ததும் மறந்துவிடுகிறோம். காலடியிலேயே கிடக்கும் பழமையைக் காணக் கண்ணில்லாமல் வாழ்கிறோம். அந்த மறதியிலிருந்து ஒருநாள் நம்மை விழிக்கச் செய்த சிறு பயணம் ஒன்றை இங்கே வாசகர்களோடு பகிர்ந்துகொள்ள விழைகிறோம்.

திருமணம் ஒன்றை முன்னிட்டு எருமப்பட்டியில் உறவினர் இல்லத்தில் தங்கியிருந்தோம். நாமக்கல்லிலிருந்து துறையூர் செல்லும் சாலையில், கொல்லிமலையைக் கண்ணெதிரே கொண்ட சமவெளி ஊர் அது. வலீமா விருந்து முடிந்த இரவு, பெரியவர்களும் பிள்ளைகளும் திண்ணையில் கூடியிருந்தனர். அமெரிக்காவில் பணிபுரியும் நம் குடும்பத்து இளைஞர் ஒருவர், மெக்சிகோ நாட்டின் யுகதான் பகுதிக்குத் தாம் சென்றுவந்த கதையைச் சொன்னார். மெரிதா நகரில் வண்டியும் வழிகாட்டியும் தனியே அமர்த்திக்கொண்டு, விடியலில் புறப்பட்டு, சிச்சென் இட்சா என்னும் மாயர் நகரின் இடிபாடுகளைப் பார்த்துவிட்டு இரவில் திரும்பினாராம். அங்குள்ள படிக்கூம்பின் நான்கு பக்கங்களிலும் பக்கத்துக்கு 91 படிகள். உச்சி மேடையையும் ஒரு படியாகக் கொண்டால் மொத்தம் 365. ஓர் ஆண்டின் நாட்களைக் கல்லிலே எண்ணி வைத்த மக்கள் அவர்கள்!

"இத்தகைய நகரங்களைக் கட்டிய மாயர்கள் எங்கே மறைந்து போனார்கள் என்று வழிகாட்டியிடம் கேட்டேன். அவர் சிரித்தார். 'நாங்கள் எங்கும் மறையவில்லை. உங்களோடு பேசிக்கொண்டிருப்பவனே ஒரு மாயன்தான்' என்றார். எனக்கு வெட்கமாகிவிட்டது" என்று இளைஞர் கதையை முடித்தார்.

அந்த வெட்கத்திற்குப் பின்னே நீண்ட வரலாறு உண்டு. ஸ்பானியர் யுகதானைக் கைப்பற்றிய பின், 1562ஆம் ஆண்டில் மானி என்னும் ஊரில் தியேகோ தெ லாந்தா என்ற கிறிஸ்தவத் துறவி, மாயரின் நூல்களைக் குவித்துத் தீயிட்டார். ஓர் இனத்தின் வானநூல் அறிவும் வரலாறும் புகையாயின. இன்று உலகில் எஞ்சியிருக்கும் மாயர் ஏடுகள் நான்கே நான்குதாம். நூல்கள் எரிந்ததும் கட்டடங்கள் ஊமையாயின. அந்நகரங்களை எகிப்தியர் வந்து கட்டினர் என்றும், வேறு எங்கிருந்தோ வந்தவர் கட்டினர் என்றும் பிற்காலத்தவர் கதை புனைந்தனர். அங்கேயே வாழ்ந்த ஏழை உழவர்களின் முன்னோர் கட்டியிருக்கலாம் என்று நினைக்க அவர்களுக்கு மனம் வரவில்லை. 1839ஆம் ஆண்டில் அப்பகுதிக்குப் புறப்பட்டுச் சென்ற ஸ்டீபன்ஸ் என்னும் பயணியும் கேதர்வுட் என்னும் ஓவியரும் இடிபாடுகளை நேரில் ஆராய்ந்து, இவை அந்த மண்ணின் மக்களே எழுப்பியவை என்று உலகுக்கு அறிவித்தனர். 1952ஆம் ஆண்டில் சோவியத் அறிஞர் யூரி க்னோரோசோவ், மாயர் எழுத்தைப் படிப்பதற்கான வழியைத் திறந்தார். அதற்கு அவருக்குத் துணைநின்றது, நூல்களை எரித்த அதே லாந்தா தம் குறிப்பில் எழுதி வைத்திருந்த எழுத்துப் பட்டியல் என்பது வரலாற்றின் விந்தைகளுள் ஒன்று.

கதை கேட்டுக்கொண்டிருந்த சிறுவன் ஒருவன், "அத்தா, நம்ம ஊர்ப் பக்கம் அந்த மாதிரி ஒன்றும் இல்லையா?" என்று தன் தந்தையைக் கேட்டான். திண்ணையில் இருந்த நாம் அனைவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம். நாமக்கல் மலைக்கோட்டையைப் பேருந்தின் சன்னல் வழியே நூறுமுறை கண்டவர்கள் நாம். அதன் படியேறியவர் எம்மில் எத்தனை பேர்? மறுநாளே செல்வதென்று முடிவாயிற்று. வாடகை வண்டி பேசப்பட்டது. ஊரில் வரலாறு கற்பித்து ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் வழிகாட்டியாக வர இசைந்தார். ஊரார் அனைவருக்கும் அவர் 'வாத்தியார் ஐயா'. அவருக்கு நாம் அனைவரும் 'பாய்'.

சுபுஹுத் தொழுகைக்குப் பின் புறப்பட்டோம். பனிமூட்டம் விலகாத கொல்லிமலையைச் சுட்டிக்காட்டி, அது வல்வில் ஓரி ஆண்ட மலை என்று ஆசிரியர் தொடங்கினார். சங்கப் புலவர்கள் போற்றிய வள்ளல் அவன். வண்டி நாமக்கல்லை அடைந்தபோது, ஊரின் நடுவே ஒரே வெண்பாறையாக 200 அடிக்கு மேல் எழுந்து நிற்கும் நாமகிரி கதிரவன் ஒளியில் மின்னிற்று.

உடனே கோட்டைக்கு ஏறிவிடத் துடித்த பிள்ளைகளை ஆசிரியர் தடுத்தார். "மேலே இருப்பதைவிடக் கீழே இருப்பது ஆயிரம் ஆண்டு மூத்தது, மூத்தவரை முதலில் பார்க்க வேண்டும்" என்றார். பாறையின் அடிவாரத்தில் ஒருபுறம் நரசிம்மர் குடைவரையும் மறுபுறம் அரங்கநாதர் குடைவரையும் உள்ளன. இரண்டும் வழிபாடு நிகழும் தலங்கள். ஆதலின் புறத்தே நின்று அவர் சொன்னதைக் கேட்டோம். 8ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த இக்குடைவரைகளை உருவாக்கியோர் அதியர் குலத்து அரசர்கள். அரங்கநாதர் குடைவரையின் கிரந்தக் கல்வெட்டு, குணசீலன் என்ற அதியர் குல மன்னனைக் குறிக்கின்றது. 'அதியேந்திர விஷ்ணுகிருகம்' என்று அக்கோயிலுக்குப் பெயரும் சூட்டுகின்றது. ஒளவைக்கு நெல்லிக்கனி ஈந்த தகடூர் அதியமான் நெடுமான் அஞ்சியின் குலப்பெயர் இது. அசோகச் சக்கரவர்த்தியின் கல்வெட்டு, சோழ பாண்டியரோடு சேர்த்து 'சதியபுத்திரர்' என்று குறிப்பிடுவது யாரை என்று அறிஞர்கள் நெடுங்காலம் வாதிட்டனர். 1981ஆம் ஆண்டில் திருக்கோவிலூரை அடுத்த ஜம்பை என்னும் சிற்றூரில் கண்டெடுக்கப்பட்ட தமிழி எழுத்து ஒன்று, அதியமான் நெடுமான் அஞ்சியையே சதியபுதோ என்று அழைத்து அவ்வழக்கைத் தீர்த்து வைத்தது. ஒரே ஒரு வரிக் கல்வெட்டு! அதனை எவரேனும் உளியால் கொத்தி அழித்திருந்தால் அவ்வழக்கு இன்றும் தீர்ந்திராது அன்றோ?

இக்குடைவரைகள் உருவான அதே 8ஆம் நூற்றாண்டில், கடல் கடந்த மாயர் நாட்டிலே திக்கால் போன்ற பெருநகரங்கள் சிறப்பின் உச்சியில் இருந்தன. அடுத்த நூற்றாண்டிலேயே வறட்சியும் ஓயாப் போர்களும் தென்புறத்து நகரங்களை வெறிச்சோடச் செய்தன. ஒருவரை ஒருவர் அறியாத இரு மக்கள், ஒரே காலத்தில், உளியை ஏந்திக் கல்லிடம் தம் பெயரை ஒப்படைத்திருக்கின்றனர்.

பின்னர் மலையேறினோம். தென்மேற்குப் புறத்தில் பாறையிலேயே வெட்டப்பட்ட ஒடுங்கிய படிகள் மேலே அழைத்துச் சென்றன. கோட்டைச் சுவரைத் தொட்டுப் பார்த்தோம். நேர்த்தியாகச் செதுக்கிய பெருங்கற்கள் சாந்தின்றித் தம் எடையாலேயே ஒன்றையொன்று பற்றி நிற்கின்றன. மேலுள்ள கைப்பிடிச் சுவரில் துப்பாக்கி நீட்டுவதற்கான துளைகள் உள்ளன. வெடிமருந்துக் காலத்துக் கோட்டை இது என்பதற்கு வேறு சான்று வேண்டுவதில்லை.

இளைஞர்களின் முதற்கேள்வி எதிர்பார்த்ததாகவே இருந்தது. "வாத்தியார் ஐயா, இது திப்பு சுல்தான் கட்டிய கோட்டைதானே? அவர் இங்கே ஒளிந்திருந்தார் என்றும், இங்கிருந்து சீரங்கப்பட்டணத்துக்குச் சுரங்கம் உண்டு என்றும் சொல்கிறார்களே?" உள்ளூர நமக்கும் அந்த ஆசை இருந்தது. அதை ஒளிப்பானேன்?

ஆசிரியர் சற்று நேரம் பேசவில்லை. பிறகு சொன்னார்: "பாய், தவறாக எண்ணக் கூடாது. நாம் ஆசைப்பட்டதையெல்லாம் வரலாறு என்று சொன்னால், நாளைக்கு மற்றொருவர் ஆசைப்படுவதையும் வரலாறு என்று ஒப்புக்கொள்ள வேண்டிவரும்."

எத்தகைய எச்சரிக்கை! அவர் சொன்ன செய்திகள் எளியவை. சேந்தமங்கலத்துப் பாளையக்காரர் இராமச்சந்திர நாயக்கர் இக்கோட்டையைக் கட்டினார் என்பது ஒரு வழக்கு. மைசூர் அரசரின் அதிகாரி ஒருவர் கட்டினார் என்பது மற்றொரு வழக்கு. இரண்டுமே ஹைதர் அலிக்கும் திப்புவுக்கும் முற்பட்ட காலத்தைச் சுட்டுகின்றன. ஹைதர் அலி மைசூரின் ஆட்சியைக் கைக்கொண்டது 1761ஆம் ஆண்டில். 1768ஆம் ஆண்டுப் போரில் ஆங்கிலத் தளபதி உட் இக்கோட்டையைப் பிடித்தார்; ஹைதர் அதனை மீட்டார். 1792ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் சீரங்கப்பட்டணத்தில் எழுதப்பட்ட உடன்படிக்கையின்படி, திப்பு தம் நாட்டில் பாதியை இழந்தார்; தம் மக்கள் இருவரைப் பிணையாக ஒப்படைத்தார். அன்று பாராமகாலும் சேலமும் கம்பெனியாருக்குச் சென்றபோது இந்த மலையும் கைமாறியது. ஏழாண்டுகளுக்குப் பின், 1799 மே 4ஆம் நாள், தம் தலைநகரின் கோட்டை வாயிலருகே போரிட்டு வீழ்ந்தார் அந்த மாவீரர். வாளேந்தி மாண்ட ஒருவரைச் சுரங்கத்தில் ஒளிந்தவராகச் சொல்வது அவருக்குப் பெருமையா, சிறுமையா? இளைஞர்கள் தலைகுனிந்தனர். நாமும் சிந்தனையில் ஆழ்ந்தோம். கட்டுக்கதையால் உயர்த்தப்பட வேண்டிய நிலையில் திப்புவும் இல்லை, நாமும் இல்லை. நாயக்கர் காலத்துக் கல்லை நம்முடையது என்று சொல்வதும், யுகதானின் கல்லை மாயருடையதன்று என்று சொல்வதும் ஒரே குற்றத்தின் இரண்டு முகங்கள். உழைத்தவனின் பெயரை அவனிடமிருந்து பறிப்பதே அக்குற்றம்.

இவ்வாறு பேசிக்கொண்டிருக்கையில், நம் சிறுவர்களுள் ஒருவன் ஒரு கூர்ங்கல்லை எடுத்துச் சுவரில் தன் பெயரைக் கீறத் தொடங்கியிருந்தான். அவனைக் குறை கூறுவானேன்? அவனுக்கு முன்பே எத்தனையோ பெயர்கள் அங்கே கீறப்பட்டிருந்தன. ஆசிரியர் அவனைக் கடியவில்லை. கையிலிருந்த கல்லை மெல்ல வாங்கிக்கொண்டு, "தம்பி, இதைக் கட்டியவன் தன் பெயரை எங்கே எழுதியிருக்கிறான், காட்டு பார்க்கலாம்" என்றார். சிறுவன் சுற்றுமுற்றும் தேடினான், எங்கும் காணவில்லை. அவன் முகம் வாடிப்போயிற்று.

அவ்வேளையில் நம் நினைவுக்கு வந்தவர் அப்துல் லத்தீஃப் அல் பக்தாதி. 1162ஆம் ஆண்டில் பாக்தாத் நகரில் பிறந்த இம்மருத்துவ அறிஞர் எகிப்தில் தங்கி, தாம் கண்டவற்றை நூலாக வடித்தார். சுல்தான் ஸலாஹுத்தீனின் மைந்தர் அல் அஸீஸ் உஸ்மான், 1196ஆம் ஆண்டு வாக்கில் கீஸாவிலுள்ள பிரமிடுகளுள் சிறியதனை இடித்துத் தள்ள ஆட்களை ஏவினார். எட்டு மாதங்கள் பாடுபட்டும் ஒரு பக்கத்தில் வடு விழச் செய்ததன்றி வேறெதுவும் செய்ய அவர்களால் இயலவில்லை. அவ்வடு இன்றும் அங்கே காட்சி தருகின்றது. பக்தாதி அச்செயலைப் பாராட்டவில்லை. பழஞ்சின்னங்கள் முன்னோரின் நிலையையும் அறிவையும் எடுத்துச் சொல்லும் சான்றுகள் என்றும், அவற்றைக் காப்பது ஆட்சியாளரின் கடமை என்றும் கருதினார். இடித்தவரும் முஸ்லிம், இடித்ததைக் கண்டித்து எழுதியவரும் முஸ்லிம். இவ்விருவருள் நாம் யாருடைய வழித்தோன்றல்கள் என்பதை, கல்லெடுத்த கையைக் கீழே போடும் ஒவ்வொரு முறையும் நாமே முடிவு செய்கிறோம்.

இக்கோட்டை இன்று இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ளது. பழஞ்சின்னங்களைச் சிதைப்போருக்கு 1958ஆம் ஆண்டுச் சட்டம் தண்டனை விதித்தது. 2010ஆம் ஆண்டில் அத்தண்டனை ஈராண்டுச் சிறைவரை உயர்த்தப்பட்டது. ஆயினும் சட்டம் எல்லாச் சுவர்களின் பக்கத்திலும் நின்று காவல் புரிய முடியுமா? பிறர் நம்மிடம் ஒப்படைத்த பொருளை அமானிதம் என்கிறோம். அதனைக் குறையாமல் திருப்பித் தருவதை ஈமானின் அடையாளமாக மதிக்கிறோம். இடிபாடும் ஓர் அமானிதமே. ஒப்படைத்தவர்கள் மாண்டுபோயினர், பெற்றுக்கொள்ள வேண்டியவர்கள் இன்னும் பிறக்கவில்லை. இடையில் நிற்பவர்கள் நாம். கல்லைச் சிதைப்பதும் அதன் வரலாற்றைத் திரிப்பதும் அந்த அமானிதத்தில் கைவைப்பதாகும்.

அஸருக்குள் ஊர் திரும்பினோம். வண்டியிலிருந்து இறங்கும்போது, பெயர் கீறப்போன சிறுவன் ஆசிரியரின் கையைப் பிடித்துக்கொண்டு, "அடுத்த தடவை வரும்போது அந்தக் கல்வெட்டை எப்படிப் படிக்கறதுன்னு சொல்லித் தருவீங்களா, ஐயா?" என்று கேட்டான். அவர் இசைவாகத் தலையசைத்தார்.

வாசகர்களே! உங்கள் ஊருக்கு அருகிலும் ஒரு குன்று இருக்கும். ஒரு பழஞ்சுவர் இருக்கும். விடுமுறை நாளொன்றில் பிள்ளைகளை அங்கே அழைத்துச் செல்லுங்கள். அறிந்தவர் ஒருவரையும் உடன் அழைத்துக்கொள்ளுங்கள். அவர் சொல்லும் உண்மை நம் ஆசைக்கு மாறாக இருந்தாலும் அதனைக் கேட்கும் துணிவைப் பிள்ளைகளுக்குப் பழக்குங்கள். அத்துணிவு பெற்ற தலைமுறையின் கையில் கல்லும் சிதையாது, வரலாறும் சிதையாது.