ஜாகீரும் வாக்குச்சீட்டும்

கல்வராயன் மலையிலே அரசு என்றால், நெடுங்காலம் ஜாகீர்தார் என்றே பொருள். நிலம் அவருடையது, காடு அவருடையது, உழைப்பவன் முதுகும் அவருடையது! ஜமீன் ஒழிப்புச் சட்டம் சென்னை மாகாணத்தில் பிறந்தது 1948இல். அம்மலையின் மூன்று ஜாகீர்களும் அரசின் கைக்கு வந்ததோ 1976இல். கீழே கள்ளக்குறிச்சியில் மக்களாட்சி, மேலே மலையில் பரம்பரையாட்சி என்று கால் நூற்றாண்டுக்கு மேல் காலம் கழிந்தது.

ஆண்டைக் குறித்துக்கொள்ளுங்கள் தோழர்களே, 1976! மலையிலே ஜாகீர் மாண்ட அதே ஆண்டு, நெருக்கடி நிலை நிலவிய அதே ஆண்டு, தமிழ்நாட்டுக் கூட்டுறவுச் சங்கங்களின் தேர்ந்தெடுக்கப்பட்ட நிர்வாகக் குழுக்கள் கலைக்கப்பட்டன. தனி அலுவலர்கள் வந்தமர்ந்தனர். ஆட்சிகள் மாறின, கொடிகள் மாறின; அலுவலர் நாற்காலி மட்டும் அசையவில்லை. மீண்டும் தேர்தல் நடந்தது 1996இல். இருபது ஆண்டுகள்! 2001இல் மறுபடியும் தனி அலுவலர்கள்!

கூட்டுறவு என்பது என்ன? எத்தனை பங்கு வைத்திருப்பினும் ஒருவருக்கு ஒரே வாக்கு என்னும் சமத்துவ ஏற்பாடு. மூங்கில்துறைப்பட்டிலும் கச்சிராயப்பாளையத்திலும் கூட்டுறவுச் சர்க்கரை ஆலைகள் இருக்கின்றன. பழங்குடியினருக்கெனப் பெரும்பலநோக்குக் கூட்டுறவுச் சங்கங்கள் இருக்கின்றன. கடனும் உரமும் விலையும் அங்கே முடிவாகின்றன. அந்த வாக்கைப் பறிப்பது ஏழையின் உலைப்பானையில் கைவைப்பதாகும்.

வாக்கு பறிபோனால் எங்கே முறையிடுவது? 1983ஆம் ஆண்டுச் சட்டத்தின் 90ஆம் பிரிவு, பதிவாளரிடம் போ என்கிறது. பதிவாளர் யார்? அரசு அலுவலர். ஆளுங்கட்சியின் மீதே புகார் எனில், அரசின் கீழிருப்பவர் அச்சமின்றித் தீர்ப்பளிப்பாரா? ஆகவேதான் மக்கள் உயர்நீதிமன்றப் படியேறுகின்றனர்.

அங்கும் ஒரு தாழ்ப்பாள் உண்டு. 1952இல் நாமக்கல் தொகுதியில் வேட்புமனு தள்ளப்பட்ட பொன்னுசாமி என்பவர் தொடுத்த வழக்கிலே, தேர்தல் தொடங்கிவிட்டால் இடையில் நீதிமன்றம் தலையிடாது, முடிந்தபின் தேர்தல் மனுவே வழி என்றது உச்சநீதிமன்றம். சட்டமன்றத் தேர்தலுக்குச் சொன்ன அந்நெறியை, 2001இல் மராட்டியப் பால் உற்பத்தியாளர் சங்க வழக்கிலே கூட்டுறவுத் தேர்தலுக்கும் பொருத்தியது. ஆளுக்கொரு தடை கேட்டால் எந்தத் தேர்தலும் முடியாது என்பதால், நெறியில் நியாயம் உண்டு. ஆனால் திருட்டு முடிந்தபின்தான் காவலன் வரவேண்டும் என்றால், களவு கொடுத்தவன் கதி என்ன? 2018இல் மதுரைக் கிளை தேர்தல் பணிகளுக்கு இடைக்காலத் தடை விதித்ததும், வழக்கு உச்சநீதிமன்றம் வரை சென்றதும் இக்கேள்வியின் கூர்மையைக் காட்டும்.

2012இல் நடைமுறைக்கு வந்த 97ஆம் அரசியலமைப்புத் திருத்தம், பதவிக்காலம் முடியுமுன் தேர்தல் நடத்துக என்றது. குழுவைக் கலைத்தாலும், வங்கிகள் நீங்கலாக, ஆறு மாதத்துக்குமேல் நீட்டாதே என்றது. நல்ல மருந்துதான். ஆயின் கூட்டுறவு மாநிலப் பட்டியலில் உள்ள பொருளாயிற்றே! சட்டமன்றங்களின் ஒப்புதல் பெறாமல் டில்லி அதைச் செய்யலாமா? ஆகாது என்று 2021 ஜூலை 20இல் தீர்ப்பளித்த உச்சநீதிமன்றம், பன்மாநிலச் சங்கங்களுக்கு மட்டும் அப்பகுதியை நிறுத்தி, மற்றதைச் செல்லாததாக்கியது.

மாநில உரிமை வென்றது, மகிழ்கிறோம். ஆனால் உரிமை கேட்டுப் பெற்றவன் பொறுப்பையும் ஏற்க வேண்டாமா? டில்லியின் கை நீங்கிய இடத்தில் தனி அலுவலரின் கை நீண்டால், மலைவாழ் உழவனுக்கு வந்த இலாபம் என்ன? தேர்தல் வழக்கைப் பதிவாளரிடமிருந்து எடுத்து, நீதித்துறை அலுவலரிடம் ஒப்படைத்து, காலக்கெடுவுடன் முடிக்கச் சட்டம் செய்ய நம் சட்டமன்றத்துக்கு எவர் தடை?

இளைஞர்களே! நீதிமன்றம் கதவைத் திறக்கும். உள்ளே நுழைய வேண்டியவர்கள் நாம். உங்கள் ஊர்ச் சங்கத்தின் உறுப்பினர் பட்டியலைக் கேட்டுப் படியுங்கள். இறந்தோர் பெயர் இருக்கிறதா, இருப்போர் பெயர் விடுபட்டதா என்று பாருங்கள். ஜாகீர்தார் குதிரையில் வந்தார். புதிய ஜாகீர்தார் கோப்போடு வருவார். அடையாளம் காணக் கற்றுக்கொள்வோம்!