தசமத்திலிருந்து பின்னத்துக்கு: ஹாரோஸ் அட்டவணை முதல் கால்குலேட்டர் விசை வரை

பின்னத்தைத் தசமமாக்க வகுக்கத் தெரிந்தால் போதும். தொகுதியைப் பகுதியால் வகுத்தால் விடை வந்துவிடும். அதில் ஐயத்துக்கு இடமில்லை. எதிர்த்திசையில் போவது வேறு வகையான வேலை. 0.333 என்ற எண்ணைக் கொடுத்து, இது எந்தப் பின்னம் என்று கேட்டால் 333/1000 என்பது சரியான விடை. 1/3-ஐ மூன்று இலக்கத்தோடு நறுக்கிய எச்சம் இது என்பதும் சரியான விடையே. எண்ணை மட்டும் பார்த்து இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க முடியாது. பகுதி எவ்வளவு பெரிதாகலாம் என்று யாராவது ஓர் எல்லை வகுத்தால்தான் விடை ஒன்றாகும். இன்று அறிவியல் கால்குலேட்டரில் ஒரே விசையை அழுத்திப் பின்னத்துக்கும் தசமத்துக்கும் மாறி மாறிப் போகிறோம். அந்த விசையின் வரலாறு, என் வாசிப்பில், இந்த எல்லையை யார் எங்கே வகுத்தார்கள் என்பதன் வரலாறுதான்.

தசமப் பின்னங்களைப் பத்தாம் நூற்றாண்டில் டமாஸ்கஸின் அல்-உக்லிதிசியும், 1427-இல் சமர்கண்டின் அல்-காஷியும் கையாண்டிருக்கிறார்கள். ஐரோப்பாவில் அவற்றை அன்றாடக் கணக்குக்குக் கொண்டுவந்தவர் சைமன் ஸ்டெவின். 1585-இல் லைடனில் வெளியான அவருடைய ‘டே தீண்டே’ ஒரு சிறு நூல். வானியலாளர், நில அளவையர், திரைச்சீலை அளப்போர், நாணயச்சாலைத் தலைவர், வணிகர் ஆகியோரை விளித்து அவர் அதை எழுதினார். பின்னங்களைக் கூட்டப் பொதுப் பகுதி தேடித் திண்டாடிய தொழிலாளருக்கு அது பெரும் விடுதலை. அதற்கான விலையையும் ஸ்டெவின் மறைக்கவில்லை. மூன்றால் வகுக்கும்போது சில ஈவுகள் முடிவில்லாமல் 3, 3 என்று நீளும். தேவைப்படும் அளவு நெருங்கியதும் மீதியை விட்டுவிடலாம் என்றார். அப்படி விட்ட மீதியோடு பின்னத்தின் அடையாளமும் போய்விடுகிறது. எளிய வடிவில் பகுதியின் பகாக் காரணிகள் 2, 5 மட்டுமாக இருந்தால்தான் தசமம் முடிவுறும். 3, 7, 11 என எது நுழைந்தாலும் முடிவுறாத சுழல் தசமமே கிடைக்கும்.

இழந்த அடையாளத்தை மீட்கும் வழி கணிதருக்கு முன்பே தெரியும். யூக்ளிட் மீப்பெரு பொது வகுத்தி கண்ட அதே தொடர் வகுத்தலிலிருந்து தொடர் பின்னம் பிறக்கிறது. அதை ஓர் இயந்திரத்துக்காகப் பயன்படுத்தியவர் கிறிஸ்டியான் ஹைகன்ஸ். 1682-இல் அவருக்காக ஒரு கோளரங்கப் பொறி செய்யப்பட்டது. அதில் சனிக்கும் பூமிக்குமான சுற்றுக்கால விகிதம் 77708431/2640858 என்று அமைய வேண்டும். இவ்வளவு பற்களோடு சக்கரம் அறுக்க யாராலும் முடியாது. பெரியதைச் சிறியதால் வகுத்தால் ஈவு 29. மீதியைக் கொண்டு முந்தைய வகுத்தியை வகுத்துக்கொண்டே போனால் ஈவுகள் 2, 2, 1, 5 என்று வரும். ஐந்துக்கு முன்னால் நிறுத்தினால் 206/7. அவருடைய பொறியில் 206 பற்களுள்ள சக்கரத்தோடு 7 பற்களுள்ள சிறு சக்கரம் பிணைந்தது. உண்மை விகிதம் ஏறத்தாழ 29.4254, 206/7 தருவது 29.4286. இங்கே பகுதிக்கு எல்லை வகுத்தது பித்தளையில் பல் அறுக்கும் கைவினை.

பொதுமக்களின் கணக்கில் இதே தேவை எழுந்தது பிரெஞ்சுப் புரட்சிக்குப் பின். 1795-இல் மெட்ரிக் அளவைகள் சட்டமாயின. பழைய பின்னங்களைத் தசமமாக்கவும், தசம விடைகளைப் பழகிய பின்னங்களாக்கவும் அலுவலகங்களுக்குக் கருவி தேவைப்பட்டது. பொறியாளர் புரோனியின் தலைமையில் இயங்கிய நில அளவை அலுவலகத்தில் கணக்கிடுபவராக இருந்த சார்ல் ஹாரோஸ் 1802-இல் ஓர் அட்டவணை வெளியிட்டார். எந்தப் பின்னத்தையும் வேண்டிய இலக்கம் வரை தசமமாக்குவது அதன் ஒரு நோக்கம். ஒரு தசமத்துக்கு நெருங்கிய மிக எளிய பின்னத்தைக் காண்பது மற்றொன்று. இரண்டாவது நோக்கத்தைத் தலைப்பிலேயே எழுதியிருந்தார் என்பதால் அவரை இந்த விசையின் முன்னோடி என்று சொல்லத் தயங்க மாட்டேன்.

அவர் வகுத்த எல்லை 99. அதற்குள் பகுதி அமைந்த, சுருக்கிய தகு பின்னங்கள் 3003. ஒன்றும் விடுபடாமல், ஏறுவரிசையும் கெடாமல் அவற்றை எழுதுவது எப்படி? அடுத்தடுத்த இரண்டு பின்னங்களின் தொகுதிகளைக் கூட்டி, பகுதிகளையும் கூட்டினால் அவற்றுக்கு இடையிலுள்ள மிக எளிய பின்னம் வரும். 1/3-க்கும் 1/2-க்கும் நடுவில் 2/5. 2/5-க்கும் 1/2-க்கும் நடுவில் 3/7. இப்படி நிரப்பிக்கொண்டே போய், பகுதி 99-ஐத் தாண்டும் இடத்தில் நிறுத்த வேண்டும். பள்ளிக்கூடத்தில் பின்னங்களைக் கூட்டும் பிள்ளை செய்யும் தவறு, இங்கே பிழையற்ற முறையாகிவிடுகிறது. ஹைகன்ஸ் தேடிய 0.4254-ஐ இந்த வழியில் தேடினால் 3/7 வரும், அதன் பின் 17/40, 20/47 என்று வலை இறுகும். வகுத்தலே இல்லாமல் கூட்டலால் மட்டும் ஹைகன்ஸின் பாதையில் போகலாம் என்பது எனக்கு இன்றும் வியப்புத் தருகிறது.

பதினான்கு ஆண்டுகள் கழித்து லண்டனில் இதே கூட்டல் பண்பை நிலவியலாளர் ஜான் ஃபேரி கவனித்தார். 1816-இல் அவர் அதைப் பற்றி எழுதிய சிறு கடிதத்துக்குத் தூண்டுதல், பீர் வடிப்பாலை நடத்திய ஹென்றி குட்வின் தயாரித்த தசம அட்டவணைகள். அந்தப் பண்பை நிறுவியவர் கணிதர் கோஷி. பெயரோ ஃபேரிக்குப் போயிற்று, ‘ஃபேரி வரிசை’ என்று. ஹாரோஸுக்கு நேர்ந்த அநீதி இது. குட்வின் 1823-இல் சுழல் தசமங்களின் அட்டவணையை 1024 என்ற பகுதி வரை நீட்டினார். 1861-இல் பாரிஸ் கடிகாரக்காரர் அஷில் புரோகோ பற்சக்கர விகிதங்களுக்காக இதே கூட்டல் முறையைக் கையாண்டார்.

இந்தியாவில் பின்னத்தைத் தசமமாக்கும் இடர்ப்பாடு சந்தைக்கே வந்தது 1957 ஏப்ரல் 1-ஆம் தேதி. ரூபாய்க்கு 16 அணா, 192 பை என்றிருந்தது 100 நயா பைசாவாக மாறியது. அணா என்பது தமிழ்க் கணக்கின் மாகாணி, அதாவது 1/16. எண்சுவடியின் அடிப்படைப் பின்ன அளவான முந்திரி 1/320. 320-இன் பகாக் காரணிகள் 2-உம் 5-உம் மட்டுமே. ஆகவே அரை, கால், மாகாணி, மா, காணி, முந்திரி எல்லாமே முடிவுறு தசமங்கள்: மாகாணி 0.0625, முந்திரி 0.003125. பையோ 1/192, அதில் 3 இருப்பதால் முடிவுறாது. எனினும் மாகாணிக்கும் தொல்லை வந்தது. ஓர் அணாவுக்கு 6.25 நயா பைசா. கால் பைசாவுக்கு நாணயம் கிடையாது. மாற்று அட்டவணை ஓர் அணாவுக்கு 6, இரண்டுக்கு 12, மூன்றுக்கு 19, நான்குக்கு 25 என்று முழுமையாக்கியது. ஓர் அணாவைத் தனித்தனியே மூன்று முறை மாற்றினால் 18, சேர்த்து மாற்றினால் 19. கணிதத்தில் முடிவுறும் தசமமும் நாணயத்தின் எல்லைக்குள் அடங்காமல் போகலாம் என்பதைக் கடை வீதி கண்டது.

1972-இல் வந்த எச்பி-35 கால்குலேட்டர் பத்து இலக்கத் தசமங்களைக் காட்டியது. பின்னத்துக்கென்று அதில் விசை கிடையாது. ஆனால் தலைகீழி விசை இருந்தது. அது இருந்தால் ஹைகன்ஸின் வழியை யாரும் நடக்கலாம். 0.4285714 என்று இட்டுத் தலைகீழி எடுத்தால் 2.33333349. முழு எண் 2-ஐக் கழித்து மறுபடி தலைகீழி எடுத்தால் 2.9999986. இதை 3 என்று கொண்டால் விடை 3/7. கொள்ளாமல் தொடர்ந்தால் பகுதி லட்சக் கணக்கில் வீங்கும். எங்கே நிறுத்துவது என்ற முடிவு அங்கே மனிதரிடம் இருந்தது.

அந்த முடிவைக் கருவிக்குள் ஏற்றியவை இரண்டு வெவ்வேறு சிந்தனைகள். 1991-இல் வந்த எச்பி-32எஸ்II உள்ளே தசமத்தையே வைத்துக்கொண்டு வெளியே பின்னத்தைக் காட்டியது. பகுதியின் உச்ச எல்லை 4095. அதைப் பயனரே குறைத்துக்கொள்ளலாம். காட்டும் பின்னம் துல்லியமில்லை என்றால் மேல்நோக்கியோ கீழ்நோக்கியோ ஓர் அம்புக்குறி எரியும், உண்மை மதிப்பு சற்றுக் கூடுதலா குறைவா என்று சொல்லும். தோராயத்தைத் தோராயம் என்றே ஒப்புக்கொண்ட அந்த அம்புக்குறியைவிட நேர்மையான ஏற்பாட்டை இத்துறையில் நான் பார்த்ததில்லை.

காசியோ வேறு வழியில் போனது. பின்னத்துக்கென்று தனி விசை வைத்து, பின்னத்தைப் பின்னமாகவே உள்ளே காத்தது. 2004 வாக்கில் வந்த இஎஸ் வரிசை, பாடப் புத்தகத்தில் உள்ளபடி தொகுதியை மேலும் பகுதியைக் கீழும் காட்டியது. அதில்தான் எஸ்-டி என்ற மாற்று விசை இடம்பெற்றது. இந்த வரிசையின் எஃப்எக்ஸ்-991 கருவிகளே தமிழ்நாட்டுப் பொறியியல் மாணவர்களின் பைகளில் பரவலாக இருப்பவை. இங்கே எல்லை பகுதிக்கு அல்ல, இலக்கங்களின் மொத்தத்துக்கு: முழு எண், தொகுதி, பகுதி, பிரிகுறிகள் எல்லாம் சேர்ந்து பத்தைத் தாண்டினால் விடை தசமமாகவே நிற்கும். விதியைச் சோதித்துப் பார்க்கலாம். 0.3333 இட்டு மாற்றினால் 3333/10000. நான்கும் ஐந்தும் ஒரு பிரிகுறியும் சேர்ந்து சரியாகப் பத்து. இன்னொரு 3 சேர்த்தால் மொத்தம் பன்னிரண்டு, விசை வேலை செய்யாது. “கால்குலேட்டர் கெட்டுப்போச்சு” என்று மாணவர் சொல்லும் இடம் இதுதான். 1 ÷ 3 என்று கணக்கிட்டவருக்கு 1/3 கிடைக்கிறது, 0.33333 என்று எழுதிக்கொண்டு வந்தவருக்குக் கிடைப்பதில்லை. ஆய்வகக் குறிப்பேட்டில் இடைவிடைகளை நான்கு தசமத்தில் எழுதி, அவற்றையே மறுபடி உள்ளிடும் பழக்கம் எதை இழக்கிறது என்பதை ஆசிரியர்கள் இந்த ஒரு சோதனையால் வகுப்பில் காட்டலாம்.

சுழல் தசமத்தை அப்படியே உள்ளிட வசதி தரும் சில மாடல்கள் பின்னர் வந்தன. மூன்றின் மேல் சுழற்சிக் குறி இட்டால் கருவி அதை 1/3 என்று ஐயமின்றி ஏற்கிறது; எங்கே நறுக்கப்பட்டது என்று ஊகிக்க வேண்டிய தேவையே அங்கில்லை. இதற்கான கணிதத்தைக் காஸ் 1801-லேயே தம் எண் கோட்பாட்டு நூலின் ஆறாம் பகுதியில் வகுத்து, சுழற்சிகளின் அட்டவணையும் இணைத்திருந்தார். அங்கும் ஓர் எல்லை உண்டு: 1/7-இன் சுழற்சி 6 இலக்கம், 1/17-க்கு 16, 1/97-க்கு 96. ஹாரோஸ் தம் அட்டவணையில் ஒரு வரியில் எழுதிய 1/97-ஐச் சுழல் தசமமாகச் சொல்ல 96 இலக்கங்களையும் அடித்தாக வேண்டும்.