பொல்லாதவன் (2007 திரைப்படம்)

பொல்லாதவன், 2007 நவம்பர் 8 அன்று தீபாவளியையொட்டி வெளிவந்த தமிழ் அதிரடிக் குற்றப் படம். பாலு மகேந்திராவிடம் உதவி இயக்குநராக இருந்த வெற்றிமாறன் இயக்கிய முதல் படம் இது. தனுஷ், திவ்யா ஸ்பந்தனா, டேனியல் பாலாஜி, கிஷோர், முரளி, பானுப்ரியா ஆகியோர் நடித்தனர். வேல்ராஜ் ஒளிப்பதிவு செய்தார், ஜி. வி. பிரகாஷ் குமார் இசையமைத்தார். தலைப்பு 1980இல் வந்த ரஜினிகாந்த் படத்தினுடையது. வேலையின்றித் திரியும் பிரபு, அப்பாவிடம் சண்டையிட்டுப் பெற்ற பணத்தில் பல்சர் வண்டி வாங்குகிறான். வேலையும் காதலும் அதன் பின்னாலேயே வருகின்றன. ஒருநாள் வண்டி திருடு போகிறது. அதைத் தேடிப் போகிறவன், செல்வம் என்ற தாதாவின் உலகத்துக்குள்ளும் அவர் தம்பி ரவியின் பகைக்குள்ளும் சிக்குகிறான்.

இப்படத்தின் நகர யதார்த்தத்தைப் பேசுவோர் பெரும்பாலும் அதன் தெருக்களையும் பேச்சு வழக்கையும் சுட்டுவார்கள். அவை முக்கியமானவை; ஆனால் அவற்றை மட்டும் எந்தப் படமும் வாடகைக்கு எடுத்துக்கொள்ளலாம். பொல்லாதவனின் யதார்த்தம் ஒரு பொருளைக் கைவிடாமல் பின்தொடர்வதில் இருக்கிறது. 2001இல் அறிமுகமான பல்சர், அடுத்த சில ஆண்டுகளில் கீழ்நடுத்தர வீட்டு இளைஞனின் பெருங்கனவாகியிருந்தது. வீட்டில் அது அப்பாவின் சேமிப்பு. தெருவில் அது மரியாதை. திருடனின் கைக்குப் போனதும் அதே வண்டி வேறொரு கணக்கில் சேர்கிறது: எண்ணை மாற்றி ஓட்டலாம், பிரித்து விற்கலாம், பெட்ரோல் டேங்குக்குள் போதைப்பொருள் வைத்துக் கடத்தலாம். பழைய வண்டிகளின் உதிரிப் பாகங்களுக்குப் பெயர்பெற்ற புதுப்பேட்டை போன்ற சந்தை உள்ள சென்னையில், தொலைந்த வண்டிக்கு இத்தனை வழிகள் இருப்பதைப் பார்வையாளர் நம்பக் கூடுதல் விளக்கம் தேவையில்லை. குற்றம் ஊருக்கு வெளியே ஒளிந்திருக்கும் தனி உலகமல்ல, நம் வாசலில் நிற்கும் வண்டியின் மேலேயே அதற்கும் ஒரு விலை எழுதப்பட்டிருக்கிறது என்பதை இப்படம் வசனமாகச் சொல்லாமல் கதையின் நடையிலேயே காட்டிவிடுகிறது.

பாடல்களும் சண்டைகளும் நிறைந்த படத்தை யதார்த்தம் என்பதா என்ற மறுப்பு நியாயமானது. ரீமிக்ஸ் பாட்டும், நாயகன் சட்டையைக் கழற்றி மோதும் இறுதிச் சண்டையும் வணிகப் படத்தின் கட்டாயங்களே. அந்த முடிவில் நகரம் பின்வாங்கி நாயகன் மட்டுமே எஞ்சுகிறான் என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். ஆனால் அதுவரை ஒவ்வொரு மோதலுக்கும் ஒரு காரணமும் ஒரு விலையும் உண்டு. பிரபு ஊரைத் திருத்தக் கிளம்பியவனல்லன். வண்டியைத் திரும்பப் பெற வந்தவன். ரவியும் வெறும் கொடியவனல்லன். அண்ணனின் நிழலில் தன் பெயரை நிலைநாட்டத் துடிக்கும் தம்பி. அப்பாவிடம் மதிப்புத் தேடும் மகனும் அண்ணனிடம் மதிப்புத் தேடும் தம்பியும் ஒரே பசியின் இரண்டு முகங்கள். சண்டைக் காட்சிகளுக்கு அழுத்தம் தருவது இந்த ஒற்றுமைதான்.

விட்டோரியோ டி சிகாவின் ‘பைசைக்கிள் தீவ்ஸ்’ (1948) படத்தின் சாயல் என்பது இன்னொரு மறுப்பு. பிழைப்புக்கு ஆதாரமான வண்டி திருடு போவதும் நகரெங்கும் தேடுவதும் இரண்டுக்கும் பொதுவே. ஆனால் அந்த ரோம் நகரத் தந்தை, தேடலின் முடிவில் தானே திருட முயன்று பிடிபட்டு, மகன் முன்னால் கூனிக் குறுகுகிறார். சென்னையின் பிரபுவுக்கோ தாதாவின் வாசல் திறக்கிறது, பேச்சுக்கு இடம் கிடைக்கிறது, பகையும் கூடவே வருகிறது. அங்கே நகரம் ஏழையைக் கவனிக்காமல் கடந்துபோகிறது. இங்கே அது அவனை உள்ளே இழுத்துக்கொள்கிறது. கரு ஒன்றானாலும் சொல்லப்படும் ஊரின் இயல்பு வேறு.

ஒரு பொருளைப் பின்தொடர்ந்து ஊரைக் காட்டும் இந்த முறை ஒரு படத்தோடு நிற்கவில்லை. வெற்றிமாறனும் தனுஷும் வேல்ராஜும் மீண்டும் சேர்ந்த ‘ஆடுகளம்’ (2011) படத்தில் சேவலும், ‘வடசென்னை’ (2018) படத்தில் கேரம் பலகையும் அந்த இடத்துக்கு வந்தன. மனிதர்கள் கையில் வைத்திருப்பதைக் கூர்ந்து பார்த்தால் அவர்கள் வாழும் ஊரின் அதிகாரக் கணக்கு தெரியும் என்ற நம்பிக்கை, பல்சரில்தான் முதலில் ஓடத் தொடங்கியது.