முன்னைய ஊழியமும் ஓய்வூதியமும்

அரசாங்க ஊழியர் ஒருவர் ஓய்வு பெற்றபின் பெறும் மாதத்தொகையை நம் முன்னோர் 'உபகாரச் சம்பளம்' என்று வழங்கினர். இன்று நாம் ஓய்வூதியம் என்கிறோம். உபகாரம் என்பது கொடுப்போரின் விருப்பம்; ஊதியம் என்பது உழைத்தோரின் உரிமை. உழைத்த ஆண்டுகளுள் எவை கணக்கில் ஏறும், எவை ஏறா என்ற வினாவிலேதான் இவ்விரு கருத்துகளும் நேருக்கு நேர் மோதின.

1871ஆம் ஆண்டின் ஓய்வூதியச் சட்டம் உபகாரக் கொள்கையைச் சார்ந்தது. பிரிட்டிஷ் அரசாங்கமோ அதற்கு முன்னிருந்த எந்த அரசாங்கமோ வழங்கிய ஓய்வூதியம் பற்றிய வழக்கைக் கலெக்டரின் அத்தாட்சி இன்றிச் சிவில் நீதிமன்றம் ஏற்கலாகாது என்று அது விதித்தது. கடன்காரர் ஓய்வூதியத்தை ஜப்தி செய்யாதபடி காத்ததும் அதே சட்டந்தான் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

பின்னர் வந்த சிவில் சர்வீஸ் ஒழுங்குவிதிகள் மூன்று நிபந்தனைகளை வகுத்தன. ஊழியம் அரசாங்கத்தின்கீழ் இருத்தல் வேண்டும். பதவி நிலையானதாய் இருத்தல் வேண்டும். சம்பளத்தை அரசாங்கமே தருதல் வேண்டும். படிப்பதற்கு எளியவை, ஆனால் இரண்டாவது நிபந்தனையில் இடறி விழுந்தோர் பலர். தற்காலிக குமாஸ்தா என்ற பெயரோடு ஒருவர் பல ஆண்டு எழுதிக் குவித்தாலும், பதவி நிலைப்படும் வரையில் விதியின் கண்ணுக்கு அவர் முழு ஊழியர் அல்லர்.

அவரினும் கீழே ஒரு கூட்டம் இருந்தது. தோட்டக்காரர், சௌக்கிதார், கலாசி முதலியோரின் கூலி, சம்பளப் பட்டியலில் அன்றிச் சில்லறைச் செலவுக் கணக்கில் எழுதப்பட்டது. அலுவலகத்துக்கு மை வாங்கிய செலவும், அதன் வாயிலைக் காத்தவரின் கூலியும் ஒரே கணக்கில் அடங்கின! இத்தகையோர் பின்னால் நிலையான பதவியில் அமர்ந்தாலும் முந்திய ஆண்டுகள் மறைந்தே போயின. 1968 மே மாதத்து மத்திய அரசாங்க ஆணை இதனை ஓரளவு திருத்தியது. 1961 ஜனவரி முதல் தேதிக்குப் பிற்பட்ட, ஆதாரமான பதிவுள்ள, முழுநேர ஊழியத்தில் பாதியைக் கணக்கில் சேர்க்கலாம் என்றது. ஏன் பாதி? முழுநாள் உழைத்தவருக்கு அரைநாள் எழுதுவதற்கு நியாயம் யாதென நமக்கு விளங்கவில்லை.

அரசாங்கமே மாறிவிட்டால் என் செய்வது? 1956 நவம்பர் முதல் தேதி கன்னியாகுமரிப் பகுதியின் நான்கு தாலுக்காக்கள் சென்னை இராஜ்யத்தைச் சேர்ந்தன. அங்கே 1948இல் பணியாற்றிய ஒரு குமாஸ்தாவை எண்ணிப் பார்ப்போம். அன்று அவர் திருவிதாங்கூர் மகாராஜாவின் ஊழியர். 1949 ஜூலையில் திருவிதாங்கூர்-கொச்சி இராஜ்யத்தின் ஊழியர். 1956இல் சென்னை அரசாங்கத்தின் ஊழியர். நாற்காலியை விட்டு எழாமலே மூன்று எஜமானர்களைக் கண்டுவிட்டார். மலபாரிலிருந்தவர்களோ சென்னையிலிருந்து கேரளத்துக்குப் போயினர். இராஜ்யங்கள் மறுசீரமைப்புச் சட்டம் ஓய்வூதியச் சுமையைப் பங்கிடத் தனி ஏற்பாடு செய்தது. அதன் 115ஆவது பிரிவு, மத்திய அரசாங்கத்தின் முன் அனுமதியின்றி இவர்களின் ஊழிய நிபந்தனைகளைப் பாதகமாக மாற்றலாகாது என்றும் காப்பளித்தது. அதற்கு முன்பே நமது அரசியல் சட்டத்தின் 290ஆவது ஷரத்து, ஒருவரது ஊழியம் மத்திய அரசுக்கும் ஓர் இராஜ்யத்துக்கும் பிரிந்திருந்தால் ஓய்வூதியப் பொறுப்பை இரு கஜானாக்களும் பகிர்வதற்கு வழி வகுத்திருந்தது. உடன்பாடு ஏற்படாவிடில் இந்தியத் தலைமை நீதிபதி நியமிக்கும் நடுவர் தீர்ப்பார்.

ராஜிநாமா என்னும் ஒரு சொல் செய்த தீங்கையும் கூற வேண்டும். ராஜிநாமா செய்தவரின் முன்னைய ஊழியம் முழுதும் இழப்பாகும் என்பது பழைய விதி. 1972ஆம் ஆண்டு ஓய்வூதிய விதிகளும் அதனைக் கைக்கொண்டன. வேறோர் அரசாங்கப் பதவியை ஏற்க, முறைப்படி அனுமதி பெற்று விலகினால் மட்டும் இழப்பில்லை. அந்த அனுமதியைக் காகிதத்தில் பெறாது சென்றவர், பத்தாண்டு ஊழியம் நிரம்பினாலன்றி மாத ஓய்வூதியம் இல்லை என்ற விதியின்முன் நிற்கையில், பழைய ஆண்டுகளைத் தேடி அலைய நேர்ந்தது. இரு ஊழியங்களுக்கிடையே நேர்ந்த இடைவெளியில் மட்டும் விதி சற்று இரங்கியது. பதிவேட்டில் மாறான குறிப்பு இல்லையேல் அவ்விடைவெளி மன்னிக்கப்பட்டதாகவே கொள்ளப்பட்டது.

1971இல் பீகார் வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம், ஓய்வூதியம் அரசாங்கத்தின் தயவன்று, ஊழியரின் உரிமை என்று தீர்ப்பளித்தது. 1982இல் நகாரா வழக்கில் அதனை மேலும் வலியுறுத்தியது. 2019 செப்டம்பரில், உத்தரப் பிரதேசத்தில் மராமத்து வேலைக் கணக்கில் கூலி பெற்றுப் பின்னர் நிலைபெற்ற ஊழியர்களின் முந்திய ஆண்டுகளும் ஓய்வூதியத்துக்குச் சேரும் என்றது. அங்கே பாதிக் கணக்கு என்ற பேச்சில்லை.

1972ஆம் ஆண்டு விதிகளின் இடத்தில் 2021இல் புதியவை வந்தன. 2004 ஜனவரி முதல் தேதிக்குப்பின் மத்திய அரசில் சேர்ந்த சிவில் ஊழியர் புதிய ஓய்வூதியத் திட்டத்துக்கு உட்பட்டமையால், முன்னைய ஊழியம் என்ற வினா வேறொரு கூர்மை பெற்றது. அத்தேதிக்கு முன்பே ஓர் ஓய்வூதியப் பதவியில் இருந்து, முறையான அனுமதியோடு பின்னர் இடம் மாறியவருக்கு, எத்திட்டம் உரியது என்பதையே அந்தப் பழைய அனுமதிக் காகிதந்தான் முடிவு செய்கிறது.